திரைத்தொழிலும் உதவி இயக்குநரும்

(சங்கத்தின் ஆண்டு விழாவில் ஆற்றிய சொற்பொழிவு)



இவ்வாண்டு விழாவில் யாது குறித்துப் பேசுவது என்று செயலாளர் அவர்களைக் கேட்டோம். "நீங்கள் இருந்த தொழிலைப் பற்றியே பேசுங்கள்" என்று பணித்தார். அதற்குக் காரணம் இல்லாமல் இல்லை. நம் காலனியைச் சேர்ந்த பெண் ஒருத்தி கல்லூரிப் படிப்பை முடித்துவிட்டு, திரைப்படத்தில் உதவி இயக்குநராகச் சேர வேண்டும் என்று வீட்டில் கூறியிருக்கிறாள். தந்தையார் ஒப்பவில்லை. தாயார் ஒரு நாள் மாலை எம் வீட்டு வாசலில் வந்து நின்று, "அண்ணாச்சி, நீங்கள் அங்கே இருந்து வந்தவர்கள். அந்தத் தொழிலில் சோறு உண்டா? மரியாதை உண்டா? இந்த இரண்டை மட்டும் சொல்லுங்கள்" என்று கேட்டார். வாசலில் நின்று விடை கூறி முடிக்கத்தக்க கேள்விகள் அல்ல அவை. ஆகவே, அந்தத் தாயாருக்கும் அவரைப் போன்ற பிற பெற்றோர்க்கும் கூற வேண்டியதை இம்மேடையில் கூறத் துணிந்தோம்.

திரைத்தொழில் எங்கோ சென்னையில் நடப்பது, மலையடிவாரத்தில் வாழும் நமக்கும் அதற்கும் தொடர்பு யாது என்று நம்மில் பலர் எண்ணுகின்றனர். அவ்வெண்ணம் தவறு. வித்துராவிலிருந்து ஏறத்தாழ 40 கிலோமீட்டரில் இருக்கும் திருவனந்தபுரம், மலையாளத் திரைப்படம் பிறந்த ஊர். அதைப் பிறப்பித்தவர் நம் தெற்கத்தி மனிதரே. அகஸ்தீசுவரத்தைச் சேர்ந்த ஜே. சி. டேனியல் அவர்கள், திருவிதாங்கூர் நேஷனல் பிக்சர்ஸ் என்ற நிறுவனத்தை அங்கே நிறுவி, 'விகதகுமாரன்' என்ற ஊமைப்படத்தை எடுத்தார். கதை, இயக்கம், ஒளிப்பதிவு, நடிப்பு ஆகிய அனைத்தையும் தாமே தலைமேற் கொண்டார். அதன் பயனாகச் செல்வம் இழந்தார். 1975-இல் அகஸ்தீசுவரத்திலேயே மறைந்தார். அவர் பெயரால் கேரள அரசு விருது ஏற்படுத்தியது 1992-இல். மனிதர் மறைந்து பதினேழு ஆண்டுகளுக்குப் பின்னரே மரியாதை வந்தது. இச்செய்தியை நெஞ்சில் வைத்துக்கொள்ளுங்கள். பின்னர் இதற்குத் திரும்புவோம்.

அவருக்குப் பின் நாகர்கோவிலிற் பிறந்த பி. சுப்பிரமணியம் அவர்கள், 1950-களின் தொடக்கத்தில் நேமத்தில் மெரிலாண்ட் ஸ்டூடியோவை நிறுவினார். 1980-இல் திருவல்லத்தில் அரசின் சித்ராஞ்சலி ஸ்டூடியோ திறக்கப்பட்டது. 1985-இல் திருவனந்தபுரம் தூர்தர்ஷன் மலையாள நிகழ்ச்சிகளைத் தொடங்கியது. 1993-இல் ஏசியாநெட் தோன்றியது. நம் பொன்முடியின் வளைவுகளிலும் கல்லாற்றின் கரையிலும் படப்பிடிப்பு வண்டிகள் நிற்பதைக் காணாத பிள்ளை இக்காலனியில் உண்டோ? தொழில் நம் வாசலுக்கே வந்து நிற்கிறது. நாமோ அதைப் பார்வையாளராக மட்டுமே பார்த்து நிற்கிறோம்.

இனி, உதவி இயக்குநர் என்பவர் யாவர் என்பதை விளக்குவோம். படத்தை இயக்குபவர் இயக்குநர். அவர் மனத்தில் இருப்பதைக் களத்தில் நிகழச் செய்பவர்கள் உதவியாளர்கள். இவர்களுள் படிநிலை உண்டு. புதிதாக வந்தவர் உதவி இயக்குநர். ஆண்டுகள் பல பழகியவர் இணை இயக்குநர். அவர்களுக்கெல்லாம் தலைவராய் நின்று படப்பிடிப்பை நடத்துபவர் முதன்மை இணை இயக்குநர்.

ஒரு கதையில் நூறு காட்சிகள் இருக்குமானால், அவை கதையின் வரிசையிற் படமாவதில்லை. ஒரு வீட்டில் நிகழும் காட்சிகள் அனைத்தையும், அவ்வீடு கிடைத்திருக்கும் நாட்களிலேயே எடுத்துவிட வேண்டும். கதையில் கணவன் இறந்தபின் அழும் காட்சி காலையிலும், அவர்களுக்குத் திருமணம் நடக்கும் காட்சி மாலையிலும் படமாகலாம். ஆகவே, முதலில் உதவியாளர்கள் கதையைப் பிரித்து எழுதுகின்றனர்: எந்தக் காட்சிக்கு எந்த இடம், எந்த நடிகர், எந்த உடை, எந்தப் பொருள், பகலா இரவா என்று பட்டியல் போடுகின்றனர். அப்பட்டியலையும் நடிகர்களின் கால்ஷீட்டையும் ஒப்பிட்டு, எந்நாளில் எது என்று வகுக்கின்றனர். ஒரு பொருளை எழுத மறந்தால், ஐம்பது பேர் அரை நாள் வெயிலிற் காத்திருக்க நேரும்.

படப்பிடிப்புத் தொடங்கியபின் கிளாப் பலகை வருகிறது. அதிற் காட்சி எண், ஷாட்டின் எண், எத்தனையாவது டேக் என்பன எழுதப்பட்டிருக்கும். அதை ஓங்கித் தட்டுவது விளையாட்டன்று. படமும் ஒலியும் வெவ்வேறு கருவிகளிற் பதிவாகின்றன. பலகை மூடும் படத்தையும், அது எழுப்பும் ஓசையையும் படத்தொகுப்பாளர் பொருத்தினாற்றான், பின்னர் நடிகரின் வாயசைவும் சொல்லும் பொருந்தும். யாம் தொழிலிற் சேர்ந்த காலத்திற் படச்சுருள் விலை மிகுந்தது. 1,000 அடிச் சுருள் ஏறத்தாழ 11 நிமிடங்களே ஓடும். கேமரா ஓடத் தொடங்கியபின் பலகையை வைத்துக்கொண்டு தடுமாறுபவன், முதலாளியின் பணத்தைக் காட்டாற்றில் எறிபவன் என்று ஏசப்பட்டான். யாமும் ஏசப்பட்டோம்.

இவை எல்லாவற்றினும் அரிய வேலை, தொடர்ச்சி பார்த்தல். வாயிலிலிருந்து வெளியே வரும் நாயகியின் இடக்கையில் தூக்குவாளி இருந்தது. தெருவில் அவள் நடக்கும் காட்சி இரண்டு வாரம் கழித்துப் படமாகிறது. அப்போதும் அது இடக்கையிலேயே இருத்தல் வேண்டும். பொட்டின் அளவு, சட்டைப் பொத்தான், கடிகாரத்தின் முள், குவளையில் எஞ்சிய தேநீர் ஆகியவற்றையெல்லாம் குறிப்பேட்டில் எழுதி வைத்தோம். இன்று கைப்பேசியிற் படம் பிடித்துக்கொள்கின்றனர். கருவி மாறினும் வேண்டுவது அதே கண்தான். நன்றாகச் செய்தால் எவரும் கவனியார். பிழை செய்தால் அரங்கமே நகைக்கும். இத்தொழிலின் இயல்பு இதுவே.

இத்தகைய வேலையிலிருந்து உயர்ந்தவர் உளரோ என்று வினவலாம். உளர், அவருட் சிலரை அறிவது நம் பிள்ளைகளுக்கு நலம். திருவனந்தபுரத்துப் பூஜப்புரையிற் பிறந்த கே. ராம்நாத் அவர்கள், 'ஏழை படும் பாடு' (1950), 'மர்மயோகி' (1951) முதலிய தமிழ்ப்படங்களை இயக்கியவர். அவரிடம் உதவியாளராகச் சேர்ந்தார் பாலக்காட்டைச் சேர்ந்த இளைஞர் ஒருவர். அவரே கே. எஸ். சேதுமாதவன். முதலில் அவர் இயக்கியது ஒரு சிங்களப் படம். பின்னர் 'ஓடையில் நின்னு' முதலிய மலையாளப் படங்களால் பெரும்புகழ் பெற்றார். இந்திரா பார்த்தசாரதி அவர்களின் 'உச்சிவெயில்' என்ற கதையைத் தமிழில் 'மறுபக்கம்' என்று படமாக்கினார். 1990-ஆம் ஆண்டின் சிறந்த இந்தியத் திரைப்படம் என்று தேசிய விருது பெற்றது அப்படம். தமிழ்ப்படம் ஒன்று அவ்விருதைப் பெற்றது அதுவே முதன்முறை. கேரள மண்ணிற் பிறந்த ஆசிரியரிடம், கேரள மண்ணிற் பிறந்த மாணவர் கற்று, தமிழுக்குப் பெருமை தேடித் தந்தார் என்பதை நினைக்கும்போது, இரு மொழிக்கு நடுவே வாழும் நமக்கு உள்ளம் பூரிக்கின்றது அன்றோ?

மேலும் ஒரு வழிமுறையைப் பாருங்கள். பாரதிராஜா அவர்கள், கன்னட இயக்குநர் புட்டண்ணா கணகாலிடம் உதவியாளராக இருந்தவர். 1977-இல் '16 வயதினிலே' படத்தின் வாயிலாக இயக்குநரானார். அவரிடம் உதவியாளராக இருந்த பாக்யராஜ், 1979-இல் 'சுவர் இல்லாத சித்திரங்கள்' இயக்கினார். அவரிடம் இருந்த பார்த்திபன், 1989-இல் 'புதிய பாதை' இயக்கினார். பாட்டன், தந்தை, பேரன் என்று குலத்தொழில் இறங்குவதுபோல், இங்கே பிறப்பால் அன்றிப் பயிற்சியால் தொழில் இறங்குகிறது. பள்ளிகளும் உண்டு: புனேயில் ஒன்று, சென்னைத் தரமணியில் ஒன்று, கோட்டயம் அருகே கே. ஆர். நாராயணன் பெயரால் ஒன்று. ஆயினும் பட்டம் பெற்றவரும் பெறாதவரும் ஒருவர் கீழ் நின்று கற்றே தீர வேண்டும்.

தொலைக்காட்சியையும் இங்கே கூற வேண்டும். ஒளிப்பதிவாளராகவும் இயக்குநராகவும் விளங்கிய பாலு மகேந்திரா அவர்கள் மட்டக்களப்பிற் பிறந்த தமிழர். சன் தொலைக்காட்சிக்காகத் தமிழ்ச் சிறுகதைகளைக் 'கதை நேரம்' என்ற பெயரிற் குறும்படங்களாக்கினார். அக்காலத்தில் அவரிடம் உதவியாளராக உழைத்தவர் வெற்றிமாறன். வெற்றிமாறனின் முதற்படம் 'பொல்லாதவன்' 2007-இல் வந்தது. 'ஆடுகளம்' படத்திற்காகச் சிறந்த இயக்குநர் என்று தேசிய விருதும் பெற்றார். சின்னத்திரை என்று இகழ்வது அறியாமை. ஆயினும் நாள்தோறும் வரும் தொடர்களின் நிலை வேறு. அரை மணி நேரத்தில் விளம்பரம் போக எஞ்சும் இருபது நிமிடச் சொச்சத்தை, நாள் தவறாமல் நிரப்பியாக வேண்டும். எழுத்தாளர் காலையில் அனுப்பும் வசனத்தை நண்பகலில் நடிகர்க்குச் சொல்லிக்கொடுத்து, மாலையிற் படமாக்க வேண்டும். கூலி ஒழுங்காக வரும். உறக்கம் ஒழுங்காக வாராது. யாம் திரைப்படத்தில் ஒன்பது ஆண்டுகளும் தொலைக்காட்சியில் பதினோர் ஆண்டுகளும் இருந்தோம். சோறு தந்தது தொலைக்காட்சியே என்பதை மறையாமற் கூறுகிறோம்.

இப்போது அந்தத் தாயாரின் கேள்விகளுக்கு வருவோம்.

சோறு உண்டா? தொடக்கத்தில் இல்லை, இருந்தாலும் அரை வயிற்றுக்கே. உதவியாளருக்கு மாதச் சம்பளம் என்ற உறுதி பெரும்பாலும் கிடையாது. ஒரு படத்திற்கு இவ்வளவு என்று பேசுவர். படம் நின்றால் அதுவும் நின்றுவிடும். எமக்கு முதற்படத்திற் கிடைத்தது பேருந்துக் கட்டணமும் படப்பிடிப்பில் உண்ட உணவுமே. இயக்குநர் ஆனோர் சிலர், ஆகாதோர் பலர். ஆகாதோருள் யாமும் ஒருவர். இரண்டு முறை எம் கதையைத் தயாரிப்பாளர் ஒப்புக்கொண்டு, இரண்டு முறையும் கைவிட்டனர். அவ்வளவே.

மரியாதை உண்டா? இதற்கு விடையாக எம் வாழ்வில் நிகழ்ந்த ஒன்றைச் சொல்ல வேண்டும்.

எம் தாயார் தேயிலைத் தோட்டத்திற் கொழுந்து பறித்தவர். எழுத்தறியாதவர், எனினும் ரேஷன் அட்டையில் மலையாளத்தில் எழுதியிருந்த எம் பெயரின் வடிவத்தை மட்டும் அடையாளம் காண்பார். யாம் உதவியாளராக முழுதும் உழைத்த ஒரு மலையாளப்படம் நெடுமங்காட்டில் வெளியானபோது, "பேர் வருமா?" என்று கேட்டார். "வரும் அம்மா" என்றோம். அன்று கூலியை விட்டுவிட்டு, பேருந்தேறி, இரண்டு அண்டை வீட்டுப் பெண்களையும் உடன் அழைத்து வந்தார். படம் தொடங்கிப் பெயர்கள் ஓடின. நடிகர் பெயர் வந்தது. உணவு வழங்கியவர் பெயர் வந்தது. இயக்குநர் பெயரும் வந்து முடிந்தது. எம் பெயர் வரவில்லை. யாரோ மறந்தனர், அல்லது இடம் போதவில்லை. யாம் நாணித் தலைகுனிந்திருந்தோம். "ஐயா, உன் பேரு போயிருச்சா, இனிமேத்தான் வருமா?" என்று மெல்லக் கேட்டார். யாம் விடை கூறவில்லை.

அப்படத்தில் நாயகி கொழுந்து பறிக்கும் காட்சி ஒன்று உண்டு. பொன்முடிப் பக்கத்திற் படமானது. நாயகிக்கு உடையமைத்தவர் கூடையை அழகுக்காகத் தோளில் தொங்கவிட்டிருந்தார். யாம் இயக்குநரிடம் சென்று, கூடை முதுகில் இருக்க வேண்டும், அதன் கயிறு தலையில் மாட்டியிருக்க வேண்டும், இடுப்பிற் சாக்கைச் சுற்ற வேண்டும், இல்லையேல் செடியின் ஈரமும் கிளையும் சேலையைக் கிழிக்கும் என்று கூறினோம். அவர் முதலிற் சினந்தார், பின்னர் ஒப்பினார். இரண்டு விரலுக்கிடையே கொழுந்தை ஒடிக்கும் விதத்தையும் அந்நடிகைக்குச் சொல்லிக் கொடுத்தோம். அக்காட்சி திரையில் வந்தபோது, அதுவரை வாளாவிருந்த எம் தாயார் முன்னே சாய்ந்து உட்கார்ந்தார். "சாக்கை ஒழுங்காக் கட்டியிருக்கா பாரு" என்று அண்டை வீட்டுப் பெண்ணிடம் கூறினார். பின்னர் எம் பக்கம் திரும்பி, "இதை நீதானே சொல்லிக்குடுத்தே?" என்றார். "ஆம்" என்றோம். அதன்பின் பெயரைப் பற்றி அவர் ஒருபோதும் கேட்கவில்லை.

தாய்மார்களே, இதைக் கூறுவது கண்ணீர் வரவழைக்க அன்று. பெயர் வராதது நியாயம் என்று நிறுவவும் அன்று. அது அநியாயமே. உழைத்தவன் பெயரை எழுதுவது கூலி கொடுப்பதைப் போன்ற கடமை. டேனியல் அவர்களுக்கு மரியாதை காலம் கடந்து வந்ததையும் நாம் பெருமையாகக் கொள்ளுதல் ஆகாது. வெட்கமாகக் கொள்ளுதல் வேண்டும். யாம் கூற வந்தது வேறு. இத்தொழிலில் மரியாதை இரு வகைப்படும். ஒன்று பிறர் தருவது. அது வரலாம், வாராமலும் போகலாம். மற்றொன்று வேலையிலேயே இருப்பது. அதை எவரும் பறிக்க இயலாது. நம் பிள்ளை முன்னதற்குப் போராடட்டும். பின்னதை நம்பி நிற்கட்டும்.

பெண்பிள்ளை என்ற கவலை தந்தையாருக்கு இருக்கிறது. அது பொய்க்கவலை என்று கூறுவதற்கில்லை. மலையாளத் திரைத்துறையிற் பணியாற்றும் பெண்களின் நிலையை ஆராயக் கேரள அரசு 2017-இல் நீதிபதி ஹேமா அவர்கள் தலைமையிற் குழு அமைத்தது. 2019-இல் அளிக்கப்பட்ட அவ்வறிக்கை 2024 ஆகஸ்டிலேதான் வெளிவந்தது. கழிப்பறை இல்லாமை, உடைமாற்ற இடம் இல்லாமை, எழுத்து மூலமான ஒப்பந்தம் இல்லாமை, அவற்றினும் கொடிய துன்பங்கள் பலவும் அதிற் கூறப்பட்டுள்ளன. ஆனால் அவ்வறிக்கை தோன்றியதே, பெண்கள் அங்கே நின்று குரல் எழுப்பியதால் அன்றோ? மணிரத்னம் அவர்களிடம் பல்லாண்டு உதவியாளராக இருந்த சுதா கொங்கரா இயக்கிய 'சூரரைப் போற்று', 2020-ஆம் ஆண்டின் சிறந்த படம் என்று தேசிய விருது பெற்றது. கதவு முழுதும் திறந்துவிடவில்லை. எனினும் சாத்தியிருக்கவும் இல்லை.

ஆகவே பெற்றோர்க்கு எம் ஆலோசனை இது. முதலாவது, சேரும் இடத்தை விசாரியுங்கள். பெண்ணை அனுப்புவதற்குமுன் மாப்பிள்ளை வீட்டைப் பற்றிப் பத்துப் பேரிடம் கேட்கிறோமே. அந்த இயக்குநரிடம் முன்னர் இருந்த உதவியாளர் இருவரிடமாவது கேளுங்கள். இரண்டாவது, சம்பளமும் பெயரும் பற்றிய உறுதியை எழுத்தில் வாங்கச் சொல்லுங்கள், தொழிற்சங்கத்தில் உறுப்பினராக்குங்கள். வாய்ச்சொல்லை நம்பி யாம் இழந்தது போதும். மூன்றாவது, காலவரையறை வையுங்கள். ஐந்தாண்டு என்று வைத்துக்கொள்ளுங்கள். அதுவரை "என்ன ஆயிற்று?" என்று ஒவ்வொரு பண்டிகையிலும் கேட்டு நோகச் செய்யாதீர்கள். அதன்பின் அவளே சீர்தூக்கிப் பார்க்கட்டும். படத்தொகுப்பு, எழுத்து, தொலைக்காட்சி, விளம்பரம், ஆசிரியப்பணி என்று கிளைவழிகள் பல. திரும்பி வருவது தோல்வி ஆகாது.

இளைஞர்க்கும் ஒரு சொல். உங்களிடம் பிறரிடம் இல்லாத செல்வம் ஒன்று உண்டு. வீட்டிற் தமிழ் பேசுகிறீர்கள். பள்ளியில் மலையாளம் படிக்கிறீர்கள். இரு மொழிக் கதைகளையும் மூலத்திலேயே படிக்க வல்லவர் திரைத்துறையிற் பலர் இலர். லயத்தின் வாழ்வு உங்களுக்குத் தெரியும். கூடையின் கயிறு எங்கே இருக்க வேண்டும் என்று தெரியும். படியுங்கள். திருவனந்தபுரத்தில் டிசம்பர்தோறும் நடக்கும் திரைப்பட விழாவிற்குச் செல்லுங்கள். கண்டதை எழுதி வையுங்கள். குறிப்பேடு இல்லாத உதவி இயக்குநர், கூடை இல்லாமற் கொழுந்து பறிக்கச் செல்பவரைப் போன்றவர்.

அந்தப் பெண்ணின் தந்தையார் இந்த அவையில் இருக்கிறார். அவர் இன்று இசைய வேண்டும் என்று கேட்கவில்லை. மகளை அழைத்து, அவள் எழுதி வைத்திருப்பதை ஒரு நாள் மாலை அமர்ந்து கேட்கட்டும் என்று மட்டும் வேண்டுகிறோம். கேட்டபின் அவர் எம் வீட்டிற்கு வந்தால், எம்மிடம் எஞ்சியிருக்கும் குறிப்பேடுகளை அக்குழந்தைக்குத் தரக் காத்திருக்கிறோம்.